புதரா, மரமா?
யூத சமயச் சட்டத்தில் ‘ஓர்லா’ என்றொரு விலக்கு உண்டு: நட்ட மரத்தின் கனியை முதல் 3 ஆண்டுகள் உண்ணலாகாது. லேவியராகமம் 19ஆம் அதிகாரத்தில் வரும் கட்டளை இது. கடுங்குளிரைத் தாங்கும் பெர்ரிப் புதர்கள் மரமா என்பதே கேள்வி. கனிக்கு முன் சொல்லும் ஆசியைப் பற்றிப் பேசுமிடத்தில் யூத சட்ட விளக்கத் தொகுப்பான தல்மூத் தண்டைப் பார்க்கிறது: பழம் பறித்தபின் தண்டு நின்று மறுபடி காய்த்தால் மரம், இல்லையேல் நிலத்துப் பயிர். ஆக, தீர்ப்பு ஒருவகையில் குளிர்காலத்தின் கையில். இடுப்பளவே வளரும் பிளாக்கரண்டும் கூஸ்பெர்ரியும் (நம் நெல்லிக்கு உறவல்ல) இந்த அளவுகோலில் மரமாகிவிடுகின்றன. ராஸ்பெர்ரிதான் சிக்கல். அதன் வேர் பல்லாண்டு வாழும். தண்டோ பொதுவாக ஒரு குளிர்காலம் தாண்டி, இரண்டாம் ஆண்டில் காய்த்து மடியும். இஸ்ரேலுக்கு வெளியே சட்டம் சற்றுத் தளர்கிறது: ஓர்லாவா என்று ஐயமுள்ள கனியை அங்கே உண்ணலாம்.