கரை நம் பங்கு, வெள்ளம் அவன் பங்கு



மதுரையில் ஆவணி மூலத் திருவிழாவின்போது சொக்கநாதரும் மீனாட்சியம்மையும் புட்டுத்தோப்புக்கு எழுந்தருளுவதை உங்களில் பலர் தரிசித்திருப்பீர்கள். பெருமான் பிட்டுக்கு மண் சுமந்த லீலை அது. பரஞ்சோதி முனிவர் பாடிய 64 திருவிளையாடல்களில் 61-வது. இன்றைக்கு அதிலே வருகிற மூன்று பேரைப் பார்ப்போம்.

முதலில் அரிமர்த்தன பாண்டியன். குதிரை வாங்கக் கொடுத்தனுப்பிய பொன்னை, திருப்பெருந்துறையில் குருவைக் கண்ட மந்திரி வாதவூரர் சிவப்பணிக்குச் செலவழித்துவிட்டார். அவருக்காகப் பெருமான் கொண்டுவந்து கொடுத்த குதிரைகளோ இரவோடு இரவாக நரிகளாகிவிட்டன. அரசனுக்குக் கோபம் பொங்கியது. மந்திரியை வைகை மணலில், கொளுத்தும் வெயிலில் நிறுத்தினான். வைகை பெருகிவிட்டது. ஆணையிட்டால் ஆறு அடங்குமா?

ஊரே கரை அடைக்க வேண்டும், வீட்டுக்கு ஒரு பங்கு என்று அளந்து விட்டார்கள். இரண்டாமவர் வந்தி. பிட்டு விற்றுப் பிழைக்கிற அந்தக் கிழவிக்கும் ஒரு பங்கு விழுந்தது. அவளுக்குப் பிள்ளை இல்லை. ஆள் வைக்கக் காசும் இல்லை. கூடையும் மண்வெட்டியுமாக ஓர் இளைஞன் வந்தான். "உதிர்ந்த பிட்டெல்லாம் எனக்குக் கூலி" என்றான். அவள் சம்மதித்தாள். அன்றைக்கு என்று பார்த்து, அவித்துக் கொட்டிய பிட்டு அத்தனையும் உதிர்ந்துபோனது! விற்க ஒன்றும் மிஞ்சவில்லை. அவள் பேரம் பேசவில்லை. அத்தனையையும் அள்ளிக் கொடுத்தாள். அடுத்த ஈட்டுக்கு மாவை எடுத்தாள்.

இங்கேதான் கவனிக்க வேண்டும். இறைவனிடம் விடுவது வேறு, சோம்பிக் கிடப்பது வேறு. வந்தி அடுப்பை அணைக்கவில்லை. தன்னால் ஆன வேலையைச் செய்தாள். தன்னால் ஆகாத ஆற்றை அவனிடம் விட்டாள். பாண்டியனோ, வந்தியின் பங்கு அடைபடவில்லை என்று பிரம்பை எடுத்தான். கூலியாள் முதுகில் விழுந்த அடி அரசன் முதுகிலும் விழுந்தது, அரசியார் முதுகிலும் விழுந்தது, எல்லா உயிர்மேலும் விழுந்தது. நம் பிடிவாதமும் அப்படித்தான். பிள்ளை நாம் சொன்ன படிப்பைத்தான் படிக்க வேண்டும், மருமகள் நம் பக்குவத்தில்தான் குழம்பு வைக்க வேண்டும் என்று ஓங்கும்போது, அந்த அடி வீட்டில் எல்லோருக்கும் விழுகிறது, நமக்கும்தான்.

மூன்றாமவர் வாதவூரர், நம் மாணிக்கவாசக சுவாமிகள். கூலியாளாக வந்தது பெருமானே என்ற உண்மை தெரிந்து அரசன் வாதவூரரிடம் மன்னிப்புக் கேட்டான். ஆனால் அவர் பதவிக்குத் திரும்பவில்லை; பெருந்துறைக்கே போனார். ஆவுடையார்கோயில் என்று நாம் சொல்கிற அந்தத் தலத்தின் கருவறையில் ஆவுடையார் மட்டும்தான் உண்டு, லிங்கத் திருமேனி கிடையாது. அம்பாளுக்குத் திருவடிகளே வழிபாடு. புழுங்கல் அரிசிச் சோற்றைக் கொதிக்கக் கொதிக்கக் கொட்டி, எழும்புகிற ஆவியை அத்தலத்து இறைவன் ஆத்மநாதருக்கு நிவேதனம் செய்கிறார்கள். கையில் பிடித்து வைத்துக்கொள்ள அங்கே என்ன இருக்கிறது? பிடிக்க ஒன்றும் இல்லாத அந்தச் சந்நிதியில்தான், கஜானாவைக் கையாண்ட அந்த மந்திரி மனம் நிறைந்து நின்றார்.

ஆகவே அன்பர்களே, இன்றிரவு விளக்கேற்றியதும் உங்கள் கவலைகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பாருங்கள். "இதில் என் பங்கு எது?" என்று கேளுங்கள். அதை நாளைக் காலையிலேயே குறைவைக்காமல் செய்யுங்கள். மிச்சத்தைச் சொக்கன் திருவடியில் வைத்துவிடுங்கள். வைத்ததைத் திரும்ப எடுக்காதீர்கள். காலம் எதை மாற்றினாலும் உங்கள் மனநிறைவை அது தொடாது.

திருச்சிற்றம்பலம்.