எவர் முகத்தின்மேல் எவர் குரல்

மலையகத்தின் ஸ்பிரிங்வெளித் தோட்டத்தில் பிறந்து ஆவணப்படத் தொகுப்பைத் தொழிலாக எடுத்த எனக்கு, 'சோங் ஒப் சிலோன்' வெறும் பழைய படமல்ல. தேயிலைப் பிரசாரச் சபைக்காக 1934இல் இலங்கைக்கு வந்து பசில் ரைட் எடுத்த படம், தொகுத்தவரும் அவரே. ஒலியை இங்கிலாந்துக்குத் திரும்பிய பிறகு இசையமைப்பாளர் வோல்டர் லீயுடன் சேர்ந்து அமைத்தார். மூன்றாம் பகுதியில் பெண்கள் கொழுந்து எடுக்கிறார்கள். சந்தை விலையும் கப்பல் செய்தியும் ஆங்கிலக் குரல்களில் அவர்கள்மேல் ஓடுகின்றன. மலையில் கிள்ளிய கொழுந்துக்கு எங்கோ ஒரு மேசையில் விலை பேசப்படுவதை, விளக்கம் ஏதுமின்றி அந்தத் தொகுப்பே சொல்லிவிடுகிறது. 1935இல் பிரசல்ஸ் திரைப்பட விழாவில் பரிசும் பெற்றது. அந்தக் கைத்திறனை இன்றும் வணங்குகிறேன்.

ஆனால் அந்தப் பெண்கள் ஒரு வாக்கியமும் பேசுவதில்லை.

ஒருவருடைய வாழ்க்கையை வெட்டி ஒட்ட இன்னொருவருக்கு என்ன உரிமை? இந்தத் தொழிலில் என்னை விடாத கேள்வி இது. கதைப்படத்துக்கு வசனம் முன்பே எழுதப்பட்டிருக்கும். ஆவணப்படம் தொகுப்பு மேசையில்தான் உருவம் கொள்கிறது. உதாரணமாக, தோட்டத் தமிழரை இரு நாடுகளுக்கும் பிரித்த சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் பற்றிக் கேட்டால், எங்கள் தோட்டத்துப் பாட்டிமார் ஆண்டையோ சட்டத்தையோ சொல்ல மாட்டார்கள். "அக்காவுக்கு இந்தியா கிடைச்சிருச்சி, எனக்குக் கிடைக்கல" என்பார்கள். பிறகு பேச்சு நின்றுவிடும். 1964இல் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று மனிதரைப் பங்கு போட்ட கணக்கு முழுவதும் அந்த மௌனத்தில் இருக்கிறது. நேரம் போதாதென்று முதலில் வெட்டச் சொல்வதும் அதைத்தான். வெட்டினால் காட்சி துள்ளும். துள்ளல் தெரியாமலிருக்கக் கொழுந்து பறிக்கும் கைகளை மேலே வைப்பது வழக்கம். எத்தனை படங்களில் அந்தக் கைகள் கிழிசலை மறைக்கும் ஒட்டுத்துணியாகியிருக்கின்றன! கையைக் காட்டி வாயை அடைக்கும் இந்தப் பழக்கத்தை என்னால் ஏற்க முடியவில்லை.

விடியலில் பெரட்டு எனும் வேலைக் கணக்கெடுப்புக்குப் போய், கொழுந்தின் நிறுவை குறைந்தால் அரைப்பேர் எனும் அரைநாள் கூலி வாங்கி வாழ்ந்தவர், தன் கதையைத் தன் வேகத்தில்தான் சொல்வார். நீளத்தைக் குறைத்தே ஆகவேண்டுமென்றால் வர்ணனையை வெட்டலாம், இசையை வெட்டலாம், ட்ரோனில் எடுத்த மலைக்காட்சி போனாலும் நட்டமில்லை.

ஸ்பிரிங்வெளியிலும் பசறையிலும் தெமோதரையிலும் கைபேசியிலேயே படம் தொகுக்கும் தம்பி, தங்கைகளிடம் ஒன்று கேட்கிறேன். பதிவு முழுவதையும் கேட்ட பிறகே வெட்டுங்கள். வெட்டாத பிரதியை அழிக்காதீர்கள். முடித்த படத்தை ஊருக்குக் காட்டுமுன், பேசியவரின் லயத்து வீட்டுக்கே கொண்டுபோய் அவருக்குப் போட்டுக் காட்டுங்கள். "நான் சொன்னது இது இல்ல" என்று அவர் சொன்னால், படம் இன்னும் முடியவில்லை.