தாமதமும் அவமதிப்பே

தர்மபுரி ஜில்லா அரூர் தாலுகாவில், சித்தேரி மலையடிவாரத்திலுள்ள வாச்சாத்தி கிராமத்திற்குள் 1992-ஆம் ஆண்டு ஜூன் 20-ஆம் தேதி சந்தனக்கட்டை தேடுவதாகச் சொல்லி வனத்துறையினரும் போலீசாரும் வருவாய்த்துறையினரும் புகுந்து, வீடுகளைச் சூறையாடி, பழங்குடிப் பெண்கள் 18 பேரைப் பலாத்காரம் செய்தனர். 1995-இல் உயர் நீதிமன்றம் சி.பி.ஐ. விசாரணைக்கு உத்தரவிட்டது. குற்றஞ்சாட்டப்பட்ட 269 பேரில் 54 பேர் இறந்துபோக, எஞ்சிய 215 பேரும் குற்றவாளிகளே என்று தர்மபுரி நீதிமன்றம் தீர்ப்பளித்தது 2011-இல். அதை உயர் நீதிமன்றம் உறுதி செய்தது 2023 செப்டம்பர் 29-இல். பாதிக்கப்பட்ட பெண்களுக்குத் தலா பத்து லட்சம் ரூபாய், அதில் பாதியைப் பலாத்காரக் குற்றவாளிகளிடமே வசூலித்தல், வேலைவாய்ப்பு, அக்காலத்துக் கலெக்டர் முதலானோர் மீது நடவடிக்கை என்று அத்தீர்ப்பு விதித்தவற்றில் ஒன்றையேனும் நீதிபதி தம் கையால் நிறைவேற்ற முடியாது. ஒவ்வொன்றும் ஏதோ ஒரு உத்தியோகஸ்தரின் கையெழுத்தைக் கடந்தே கிராமத்தைச் சேர வேண்டும்.

அந்தக் கையெழுத்து தக்க காரணமின்றித் தாமதமாகுமானால் அது அவமதிப்பா, வெறும் அசிரத்தையா? அவமதிப்பே என்பதில் எனக்குச் சிறிதும் சந்தேகமில்லை. தீர்ப்பை வெளிப்படையாக எதிர்ப்பவன் தன் துணிவுக்கு விலை கொடுக்கிறான். அதைக் கோப்புக்கடியில் வைத்திருப்பவனோ, மரியாதை குறையாமலே, எதிர்த்தவன் அடைய விரும்பிய பலனை அடைந்துவிடுகிறான்.

நம் முன்னோர் இதை நன்கறிந்திருந்தனர். கன்றை இழந்த பசு மணியடித்தபோது மனுநீதிச் சோழன் மகனுக்காகத் தவணை கேட்கவில்லை; தன் தீர்ப்பின் பிழை விளங்கிய கணத்திலேயே பாண்டியன் நெடுஞ்செழியன் அரியணையில் உயிர்விட்டான். ஆறப்போட்டுச் செய்யத்தக்கதை ஆறப்போட்டே செய்க என்று வினைசெயல்வகையில் இடங்கொடுத்த வள்ளுவரும், உடனே செய்யத்தக்கதில் அந்தச் சலுகையைத் தரவில்லை. மடியின்மையிலோ காலம் நீட்டித்தலை மறதி, சோம்பல், உறக்கம் ஆகிய மூன்றுக்கும் முன்னே நிறுத்துகிறார். இத்தர்மபுரியே பழைய தகடூர். அதனை ஆண்ட அதியமானிடம் பரிசில் பெறும் நாள் நீண்டாலும், அது யானை தன் கொம்புகளிடையே வைத்த கவளம்போல் தவறாது என்று ஔவையார் புறநானூற்றில் பாடினார். தாமதத்திற்கு அது சமாதானமாகாது. ஏனெனில் அங்கே கேட்டது பரிசில், கொடுப்பவன் வாக்குத் தவறாதவன். நீதிமன்றம் அளித்தது உரிமை. உரிமைக்காரனைப் பரிசிலனாக வாயிலில் நிற்கவைக்க எந்த அலுவலகத்திற்கும் அதிகாரமில்லை.

நிதி ஒப்புதல், ஆள் பற்றாக்குறை என்று அதிகாரிகளுக்கும் இடர்ப்பாடுகள் உண்டு. அவர்களை எடுத்ததற்கெல்லாம் நேரில் அழைக்கலாகாது என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் நியாயமே. மெய்யான இடர்ப்பாடுடையவர் தவணை முடியுமுன் நீதிமன்றத்திடம் அவகாசம் கேட்கட்டும்.

உண்மையில் நம்மை வருத்த வேண்டியது 1971-ஆம் வருஷத்து நீதிமன்ற அவமதிப்புச் சட்டமே. அதன் 12-ஆம் பிரிவு ஆறு மாத வெறுங்காவலையும் இரண்டாயிரம் ரூபாய் அபராதத்தையும் உச்ச தண்டனையாக வைக்க, 20-ஆம் பிரிவோ ஓராண்டு கடந்தபின் நடவடிக்கை தொடங்கலாகாது என்கிறது. மலையடிவாரத்து ஏழை அந்த ஓராண்டுக்குள் வக்கீலைத் தேடிச் சென்னைக்குப் போய் மனுப் போட வேண்டும். தாமதித்தவரோ நாட்காட்டியைப் பார்த்துக்கொண்டிருந்தால் போதும். குண்டூரில் உயர் நீதிமன்ற உத்தரவை மீறிக் குடிசைகளை இடித்த அதிகாரியை டெபுடி கலெக்டர் பதவியிலிருந்து தாசில்தாராக இறக்கி, ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் விதித்து 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் காட்டிய வழி, இடித்தவருக்கு மட்டுமின்றி இழுத்தடிப்பவருக்கும் பொருந்த வேண்டும். அதற்கு முன்பாக, எதை எந்தப் பதவியிலுள்ளவர் எந்தத் தேதிக்குள் செய்ய வேண்டுமென்று தீர்ப்பிலேயே எழுதி, அத்தேதியில் பாதிக்கப்பட்டவர் மனுப் போடாமலே நீதிமன்றம் தானாக அறிக்கை கேட்கும் வழக்கம் ஏற்பட வேண்டும்.