ஆறு பேரில் நான்காவது

ஓடாதவர்களைத் தோற்கடித்தவனை வென்றவன் என்று சொல்லலாமா? விளையாட்டான கேள்விதான். ஆனாலும் ஏறத்தாழ இருபது ஆண்டுகளாக அது என்னைப் பின்தொடர்ந்து வருகிறது. அதை என்னிடம் கேட்டவன் பதினான்கு வயதுப் பையன் ஒருவன். கேட்ட இடம் சின்னசேலம்.

2005-ஆம் ஆண்டு ஜூன் மாதம். பாதியில் நின்றுபோன நாவல் ஒன்றை முடித்துவிடலாம் என்று சின்னசேலத்தில் அக்காள் வீட்டில் போய்த் தங்கியிருந்தேன். அப்போது அந்த ஊர் விழுப்புரம் மாவட்டத்தைச் சேர்ந்தது. கள்ளக்குறிச்சி தனி மாவட்டமானது 2019-இல்தான். மாடியில் நின்றால் வடக்கே கல்வராயன் மலை நீலக் கோடாகத் தெரியும். தெருமுனைக்கு வந்தால் சேலம் - உளுந்தூர்ப்பேட்டைச் சாலை. இரவென்றும் பகலென்றும் இல்லாமல் லாரிகள் போய்க்கொண்டே இருக்கும்.

அந்தச் சாலையில்தான் அக்காளின் கணவர் முப்பது வருஷம் லாரி ஓட்டினார். நான் அவரை 'மாமா' என்பேன். அவர் என்னை 'மாப்பிள்ளை' என்பார். ஓய்வு பெற்ற பிறகும் திண்ணையில் உட்கார்ந்துகொண்டு, போகிற லாரியின் சத்தத்தைக் கேட்டே, "இவன் அளவுக்கு மீறி லோடு ஏற்றியிருக்கிறான்" என்று சொல்லிவிடுவார்.

அவருடைய பையனுக்கு மோட்டார்ப் பந்தயப் பைத்தியம். எங்கள் தலைமுறைக்கு மோட்டார்ப் பந்தயம் என்றால் சோழவரம். இரண்டாம் உலக யுத்தத்தின்போது போட்ட விமான ஓடுதளத்தில் வெயிலைப் பொருட்படுத்தாமல் ஜனங்கள் கூடிப் பார்ப்பார்கள். பிறகு 1990-இல் இருங்காட்டுக்கோட்டையில் பந்தயத்துக்கென்றே தனிப் பாதை வந்தது. பையனுக்கோ இவையெல்லாம் பழங்கதை. அவனுக்குத் தெரிந்த ஒரே பெயர் நரேன் கார்த்திகேயன். ராலி ஓட்டிய தந்தைக்குப் பிறந்து, கோயம்புத்தூரிலிருந்து புறப்பட்டு, அந்த 2005-ஆம் ஆண்டில்தான் ஃபார்முலா ஒன் பந்தயத்தில் கால் வைத்த முதல் இந்தியர். ஜோர்டான் என்ற அணிக்கு ஓட்டினார். வலிமையான வண்டி இல்லை; வரிசையில் கடைசிப் பக்கம்தான் அவருக்கு இடம். பையன் அதைப் பற்றிக் கவலைப்படவில்லை. "நம்ம ஆள் ஓடுறாரே, மாமா!" என்பான்.

அந்த வாரம் அமெரிக்காவில் இண்டியானாபொலிஸ் நகரில் பந்தயம். வெள்ளிக்கிழமை பயிற்சி, சனிக்கிழமை தகுதிச் சுற்று, ஞாயிற்றுக்கிழமை பந்தயம் என்று மூன்று நாள் திருவிழா. வெள்ளிக்கிழமைப் பயிற்சியிலேயே விபரீதம் தொடங்கிவிட்டது. பதின்மூன்றாவது வளைவு, சாய்வாக உயர்த்திக் கட்டிய வளைவு. அதில் முழு வேகத்தில் போகும்போது வண்டியின் பாரமெல்லாம் இடது பக்கத்து டயர்களின் மேல் விழும். அங்கேதான் டொயோட்டா அணியின் ரால்ஃப் ஷூமாக்கரின் பின்பக்கத்து இடது டயர் போய், வண்டி சுவரில் மோதியது. அவரால் அந்த வாரம் மேற்கொண்டு ஓட்ட முடியவில்லை.

இருபது வண்டிகளில் பதினான்கு வண்டிகள் அதே மிச்சலின் கம்பெனி டயரில்தான் ஓடின. மற்ற ஆறு வண்டிகளுக்குப் பிரிட்ஜ்ஸ்டோன் டயர். சனிக்கிழமை தகுதிச் சுற்றில் முதலிடம் பிடித்த யார்னோ ட்ரூல்லியின் வண்டியிலும் இருந்தது மிச்சலின் டயர்தான். ஆனால், அந்த வளைவில் வேகத்தைக் குறைக்காவிட்டால் எங்கள் டயர் தாங்கும் என்று உறுதி சொல்ல முடியாது என்று கம்பெனியே எழுதிக் கொடுத்துவிட்டது. அந்த ஆண்டு விதிப்படி, தகுதிச் சுற்றுக்கு மாட்டிய டயரிலேயே பந்தயத்தையும் முடிக்க வேண்டும். வளைவில் ஒரு தடுப்பு வைத்து எல்லா வண்டிகளையும் மெதுவாகப் போகச் செய்யுங்கள் என்று அணிகள் கேட்டன. சர்வதேச மோட்டார் சம்மேளனம் மறுத்தது. சரியான டயரைக் கொண்டுவந்தவர்களை எதற்காகத் தண்டிப்பது என்பது அவர்கள் வாதம். வேண்டுமானால் உங்கள் வண்டிகள் மட்டும் அந்த வளைவில் மெதுவாகப் போகட்டும் என்றார்கள்.

ஞாயிற்றுக்கிழமை இரவு. நம் நாட்டில் நடுநிசியை ஒட்டிய நேரம். அக்காள் தூங்கப் போய்விட்டாள். டெலிவிஷனுக்கு முன்னால் நாங்கள் மூன்று பேர். பந்தயம் தொடங்குமுன் எல்லா வண்டிகளும் வரிசையாக ஒரு சுற்று வந்தன. வந்தவை அணிவகுத்து நிற்க வேண்டும். அந்தப் பதினான்கு வண்டிகளோ ஒன்றன்பின் ஒன்றாகத் திரும்பித் தங்கள் கொட்டகைகளுக்குள் போய்விட்டன. அகன்ற பாதையில் ஆறு வண்டிகள் மட்டும் நின்றன. ஃபெராரி இரண்டு, ஜோர்டான் இரண்டு, மினார்டி இரண்டு. பணம் கொடுத்து வந்திருந்த ஜனங்கள் எழுந்து நின்று கூவினார்கள். சிலர் பாட்டில்களைப் பாதையில் எறிந்தார்கள். அந்தக் கூச்சலுக்கு நடுவே எழுபத்து மூன்று சுற்றுப் பந்தயத்தை ஆறு வண்டிகளும் ஓடி முடித்தன. மைக்கேல் ஷூமாக்கர் முதல், பாரிச்செல்லோ இரண்டாவது, ஜோர்டானின் மொண்டேரோ மூன்றாவது. நான்காவது, நரேன் கார்த்திகேயன்.

பையன் குதித்தான். ஃபார்முலா ஒன்னில் புள்ளி பெற்ற முதல் இந்தியர்! ஐந்து புள்ளிகள்! மறுநாள் பத்திரிகையிலிருந்து செய்தியைக் கத்தரித்து எடுத்துக்கொண்டு பள்ளிக்கூடம் போனான். மாலையில் முகம் தொங்கிப்போய்த் திரும்பினான். "ஆறு பேர் ஓடினதில் நாலாவது, இது ஒரு பெருமையா?" என்று சிநேகிதர்கள் சிரித்தார்களாம்.

"மாமா, அது ஜெயிச்ச கணக்கா, இல்லையா? நீங்க சொல்லுங்க."

நான் எழுத்தாளன். மனித மனத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதுகிறவன். என்ன சொல்வது என்று தெரியாமல் விழித்தேன். திண்ணையிலிருந்து மாமாதான் பேசினார்.

"மாப்பிள்ளை, எனக்கு ஒண்ணுதான் தெரியும். டயரை நம்ப முடியலேன்னா வண்டியை எடுக்கக் கூடாது. மொட்டை டயரோடு என்னை ஒரு தடவை லோடு எடுக்கச் சொன்னாங்க. சாவியைக் கொடுத்துட்டு வீட்டுக்கு வந்துட்டேன். ரெண்டு மாசம் வேலை இல்லை. உங்க அக்காளைக் கேளு. வெடிச்சா நான் மட்டுமா போவேன்? எதிரே வர்றவனும்தானே?"

"அவங்க மெதுவாப் போயிருக்கலாமே, அப்பா? விதியே சொல்லிச்சே!" என்றான் பையன்.

"ஒரே வளைவிலே ஆறு பேர் பறக்கிறான், பதினாலு பேர் ஊர்றான்னா, அந்த இடத்திலே என்ன நடக்கும்? ரோட்டிலே நின்னு பார்த்திருக்கிறேன், தம்பி."

மாமாவின் பேச்சைக் கேட்ட பிறகு ஒதுங்கியவர்கள்மேல் எனக்கிருந்த ஏளனம் போய்விட்டது. ஓடுவதற்கென்றே பிறந்தவர்கள் அவர்கள். லட்சம் கண்கள் பார்க்க வண்டியைத் திருப்பிக்கொண்டு போவதற்குத் தனித் தைரியம் வேண்டும். அப்படியானால் ஓடிய ஆறு பேரும் கோழைகளா? சுயநலக்காரர்களா?

வேலைநிறுத்தம் நடக்கும்போது வேலைக்குப் போகிறவனைக் கருங்காலி என்கிறோம். அந்தப் பெயர் இவர்களுக்குப் பொருந்துமா என்றும் யோசித்தேன். மினார்டி அணியின் தலைவர் பால் ஸ்டாடர்ட் பிற்பாடு வெளியிட்ட விவரத்தின்படி, ஃபெராரி தவிர ஒன்பது அணிகளும் தடுப்பு வேண்டும் என்பதில் ஒன்றாக நின்றனவாம். கடைசி நேரத்தில் ஜோர்டான் ஓடத் தீர்மானித்ததால்தான் தாமும் ஓட நேர்ந்தது என்றார் அவர். இது உண்மையானால், சொன்ன சொல்லைப் பற்றிய கேள்வி அணித் தலைவர்களுக்கு உண்டு. அவர்கள் அதற்குப் பதில் சொல்லட்டும். வண்டிக்குள் உட்கார்ந்திருந்த நரேனின் நிலை வேறு. அவருடைய டயரில் குற்றம் இல்லை. அவர் ஓடியதால் மற்றவர்களுக்கு ஆபத்து வரவில்லை. ஓடாமல் இருந்திருந்தால் யாருக்கும் நியாயம் கிடைத்திருக்கப் போவதுமில்லை. தம் வேலையைக் கூச்சலுக்கு நடுவே தவறில்லாமல் செய்தார். இதில் வெட்கப்பட என்ன இருக்கிறது?

வெட்கப்பட ஒன்றும் இல்லை. ஆனால் எவ்வளவு சந்தோஷப்படலாம்? சிக்கல் இங்கேதான் இருக்கிறது.

பந்தயம் முடிந்த பிறகு மேடையில் நடந்ததை நினைத்துப் பாருங்கள். ஏழு முறை உலகப் பட்டம் வென்ற ஷூமாக்கருக்கு அந்த ஆண்டு முழுவதிலும் கிடைத்த ஒரே முதலிடம் அது. அவரும் பாரிச்செல்லோவும் கோப்பையை வாங்கிக்கொண்டு, கொண்டாடாமல் இறங்கிப் போய்விட்டார்கள். மொண்டேரோ ஒருவர் மட்டும் மேடையில் தங்கிக் குதூகலித்தார். அவர் நாடான போர்ச்சுகலிலிருந்து அந்த மேடை ஏறிய முதல் மனிதர் அவர். அவரைப் பலர் கேலி செய்தார்கள். என்னால் முடியவில்லை. இரண்டு முதலிடக்காரர்களுக்கும் வீட்டில் கோப்பைகள் குவிந்து கிடந்தன. அடக்கமாக இருப்பது அவர்களுக்கு எளிது. வாழ்நாளில் ஒரே ஒருமுறை பந்தியில் இலை போடப்பட்டவன் மகிழ்ச்சியோடு சாப்பிடுவதைப் பார்த்து, நாள்தோறும் விருந்து உண்பவன் சிரிக்கக் கூடாது.

இன்னொன்றும் உண்டு. மொண்டேரோவும் நரேனும் ஓட்டியவை ஒரே மாதிரியான வண்டிகள், ஒரே டயர்கள். அந்த இருவரில் ஒருவர் முந்தினார், ஒருவர் பிந்தினார். ஆக, ஆறு பேருக்குள் நடந்த போட்டி உண்மையானது. இருபது பேரை வென்றதாகச் சொன்னால்தான் அது பொய்யாகும். வெற்றி பொய்யாவதில்லை, அதன் அளவைப் பற்றி நாம் சொல்லிக்கொள்வதுதான் பொய்யாகிவிடுகிறது.

இதை எழுதும்போது என் கதையையும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. இருபத்தாறு வயதில் ஒரு வாரப் பத்திரிகையின் சிறுகதைப் போட்டியில் எனக்கு முதல் பரிசு கிடைத்தது. அந்தப் பரிசுதான் என்னை எழுத்தாளன் என்று வீட்டார் ஒப்புக்கொள்ளச் செய்தது. பல வருஷங்களுக்குப் பிறகு ஒரு கல்யாண வீட்டில், அந்தப் பத்திரிகையில் முன்பு வேலை பார்த்த ஒருவரைச் சந்தித்தேன். பேச்சுவாக்கில் சொன்னார்: வந்த கதைகளில் பெரும்பகுதி அந்த வருஷத்து மழையில் நனைந்து படிக்க முடியாமல் போய்விட்டதாம். நடுவர் கைக்குப் போனவை ஐந்தே கதைகளாம். பந்தியில் உட்கார்ந்திருந்த எனக்கு அதற்கு மேல் சோறு இறங்கவில்லை.

அதன் பிறகு நான் என்ன செய்தேன்? ஒன்றும் செய்யவில்லை. வெளிவந்த ஒவ்வொரு புத்தகத்தின் பின்னட்டையிலும் 'முதல் பரிசு பெற்றவர்' என்ற வரி அப்படியே இருந்தது. நனைந்துபோன கட்டில் என் கதையைவிட நல்ல கதை எழுதிய ஒருவன் இருந்திருப்பான். அதோடு எழுதுவதையே விட்டிருப்பான் என்ற எண்ணம் இரவில் சில சமயம் வந்து குத்தும். பகலில் மறந்துவிடுவேன். பையன் கேள்வி கேட்டபோது நான் விழித்ததன் காரணம் இதுதான். அவன் நரேனைப் பற்றிக் கேட்டான்; எனக்கு அது என்னைப் பற்றிக் கேட்டதுபோல் இருந்தது.

"அப்போ இந்தப் பேப்பரைக் கிழிச்சுப் போட்டுடட்டுமா?" என்று அன்று மாலை பையன் கேட்டான்.

மாமா அதைக் கையில் வாங்கி, கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, எழுத்துக் கூட்டிப் படித்தார். பிறகு திருப்பிக் கொடுத்தார்.

"எதுக்குக் கிழிக்கணும்? ஓடினது ஓடினதுதான். சுவத்திலே ஒட்டு. கீழே உன் கையாலே எழுதி வை: ஆறு வண்டி ஓடிச்சுன்னு. அப்புறம் எவன் சிரிப்பான்?"

பையன் அப்படியே எழுதி ஒட்டினான். அவன் இப்போது அதே சாலையோரத்தில் பட்டறை வைத்திருக்கிறான். நரேன் அதற்குப் பிறகும் சில ஆண்டுகள் ஃபார்முலா ஒன்னில் ஓடினார்; 2010-இல் பத்மஸ்ரீ விருது பெற்றார். ஆனால் அந்தப் பந்தயங்களில் அவர் பெற்ற மொத்தப் புள்ளிகள் அன்று பெற்ற ஐந்துதான். ஏறத்தாழ இருபது ஆண்டுகளில் மஞ்சள் நிறமாகிவிட்ட அந்தக் காகிதம் பட்டறைச் சுவரில் இன்னும் இருக்கிறது. கீழே அந்த ஒரு வரியும் இருக்கிறது.

உலகத்தில் முழுக்க முழுக்க நம் திறமையால் மட்டும் வந்த வெற்றி எத்தனை? யாரோ வராததால் கிடைத்த வேலை, யாரோ ஒதுங்கியதால் கிடைத்த இடம், யாருடைய கதையோ நனைந்ததால் கிடைத்த பரிசு. இவற்றை உதறிவிட்டால் நம்மில் பலருக்கு ஒன்றுமே மிஞ்சாது. உதற வேண்டாம். கீழே உண்மையை எழுதி வைத்தால் போதும்.

மாமா காலமாகிவிட்டார். அவர் சொன்னதைச் செய்ய எனக்கு இத்தனை வருஷம் ஆயிற்று. இந்தப் புத்தகத்தின் பின்னட்டையில், என் பெயருக்குக் கீழே, அந்தப் பரிசைப் பற்றிய வரி வழக்கம்போல் இருக்கும். அதை அடுத்து இன்னும் இரண்டு சொற்களைச் சேர்க்கச் சொல்லியிருக்கிறேன்: 'ஐந்து கதைகளில்.'