அங்கயற்கண்ணி... பெயருக்குள் ஒரு பார்வை!

உங்கள் வீட்டுப் பெண் குழந்தைக்கு அம்பாளின் பெயரை வைத்திருக்கிறீர்களா? மிக்க மகிழ்ச்சி. அப்படியானால் ஒரே ஒரு கேள்வி... அந்தப் பெயருக்கு என்ன பொருள் என்று என்றைக்காவது அவளை உட்கார வைத்துச் சொல்லியிருக்கிறீர்களா?

இப்படி ஒரு கேள்வியை எனக்குள் எழுப்பியவள், முகம் தெரியாத ஒரு கல்லூரி மாணவி.

ஆடி வெள்ளிக்கிழமை. மதுரை மீனாட்சியம்மன் கோயிலில் எள் விழ இடமில்லாத கூட்டம். சற்றுக் குறையட்டும் என்று பொற்றாமரைக் குளத்தின் கரையில் உட்கார்ந்திருந்தேன். பக்கத்தில் ஒரு தாயும் மகளும். தாயின் மடியில் அர்ச்சனைத் தட்டு. மகளின் முகத்தில் கோபம். நான் கையில் குறிப்பேடும் பேனாவுமாக இருந்ததைப் பார்த்துவிட்டு, அந்தத் தாயே பேச்சைத் தொடங்கினார்.

''நீங்களே சொல்லுங்கம்மா... கல்யாணமாகி நாலு வருஷம் குழந்தை இல்லாம, இந்த ஆத்தா சந்நிதியில எங்க மாமியார் மடிப்பிச்சை கேட்டுப் பொறந்தவ இவ. அவங்கதான் ‘அங்கயற்கண்ணி’ன்னு பேரு வெச்சாங்க. இப்ப பேரை மாத்தணும்னு ஒத்தக் கால்ல நிக்கிறா. அரசிதழ்ல போடுறதுக்கு விண்ணப்பம்கூட வாங்கியாச்சு. சரி, ஆத்தாகிட்ட ஒரு வார்த்தை சொல்லிட்டுச் செய்யலாம்னு கூட்டிட்டு வந்தேன்.''

மகளைப் பார்த்தேன். ''என்னம்மா... பெயர் பிடிக்கவில்லையா?''

''அக்கா, காலேஜ்ல ‘அங்கே கயிறு, இங்கே கண்ணி’ன்னு கிண்டல் பண்றாங்க. வருகைப் பதிவேட்டுல யாருமே சரியா வாசிக்கிறதில்ல. எனக்கே இதுக்கு அர்த்தம் தெரியாது. அர்த்தம் தெரியாத பேருக்காக நான் ஏன்க்கா சண்டை போடணும்?''

நியாயமான கேள்விதானே! தாயிடம் கேட்டேன். ''மீனாட்சி பேருதாங்க. வேற என்ன...'' என்று அவரும் நிறுத்திக்கொண்டார். பாட்டி வைத்த பெயர். பாட்டி இப்போது இல்லை. பெயரின் பொருளும் அவரோடு போய்விட்டது.

தமிழ் படித்தவள் என்பதால், அந்தப் பெயரைப் பிரித்துச் சொல்லும் வேலையை நானே எடுத்துக்கொண்டேன். அவளிடம் சொன்னதை உங்களுக்கும் சொல்கிறேன்.

கற்கண்டு போல ஒரு பெயர்!

அம் + கயல் + கண்ணி. இதுதான் அங்கயற்கண்ணி.

‘அம்’ என்றால் அழகு. ‘கயல்’ என்பது மீன். ‘கண்ணி’ என்றால் கண்ணை உடையவள். அழகிய கயல்மீன் போன்ற கண்களை உடையவள் என்பது பொருள்.

‘மரம்’ என்பதோடு ‘கள்’ சேர்ந்தால் ‘மரங்கள்’ ஆகிறது அல்லவா? அதே மாதிரிதான் ‘அம்’மும் ‘கயலு’ம் சேர்ந்து ‘அங்கயல்’ ஆயிற்று. ‘கல்’லும் ‘கண்டு’ம் சேர்ந்தால் ‘கற்கண்டு’. அதுபோலக் ‘கயலு’ம் ‘கண்ணி’யும் சேர்ந்தால் ‘கயற்கண்ணி’. வாயில் நுழையாத பெயர் என்று பயப்பட வேண்டாம். கற்கண்டைச் சொல்ல முடிந்த வாய்க்கு இதுவும் வரும்!

தோழிகள் கிண்டல் செய்யும் ‘கண்ணி’ வேறு. அது பறவையைப் பிடிக்க வைக்கும் சுருக்கு. தமிழில் பூமாலைக்கும் கண்ணி என்று பெயர் உண்டு. இரண்டு இரண்டு அடியாக வரும் பாட்டுக்கும் கண்ணி என்று பெயர் உண்டு. இந்தப் பெயரில் இருப்பதோ ‘கண்’ணிலிருந்து பிறந்த கண்ணி.

இதையே வடமொழியில் சொன்னால் மீன + அக்ஷி = மீனாக்ஷி. அக்ஷி என்றால் கண். காஞ்சியில் காமாட்சி, காசியில் விசாலாட்சி, மதுரையில் மீனாட்சி... மூவருக்குமே கண்ணால்தான் பெயர்!

இமைக்காத கண்

சரி, பெண்ணின் கண்ணுக்கு மான், மலர், வேல் என்று எத்தனையோ உவமைகள் இருக்க, அம்பாளுக்கு ஏன் மீன்?

பாண்டிய நாட்டின் கொடியில் இருப்பது கயல். மலையத்துவச பாண்டியனும் காஞ்சனமாலையும் பிள்ளை வரம் வேண்டி வேள்வி செய்தபோது, அதில் தோன்றிய பெண் குழந்தைக்குத் ‘தடாதகை’ என்று பெயரிட்டு வளர்த்தார்கள் என்கிறது திருவிளையாடற் புராணம். அந்தக் குழந்தைதான் பின்னாளில் முடிசூடி மதுரையை ஆண்டவள். பாண்டியன் மகளுக்கு மீன் பொருத்தம்தானே?

இன்னொரு காரணத்தையும் நம் பெரியோர் சொல்வார்கள். பறவை தன் முட்டையைத் தொட்டு அடைகாக்கிறது. ஆமை, கரையில் முட்டையிட்டுவிட்டுக் கடலில் இருந்தபடியே அதை நினைக்கிறது. மீனோ, பார்த்துக்கொண்டே இருக்கிறது. அந்தப் பார்வையிலேயே முட்டை பொரிகிறது. குரு தன் சீடனுக்கு அருளும் ஸ்பரிச தீட்சை, மானச தீட்சை, நயன தீட்சை ஆகிய மூன்றுக்கும் சொல்லப்படும் உவமைகள் இவை.

''மீன் பார்த்தால் முட்டை பொரிந்துவிடுமா?'' என்று கேட்கலாம். இது விலங்கியல் பாடம் இல்லை. அருள் எப்படி வேலை செய்கிறது என்பதைப் புரியவைக்க வந்த உவமை. ஆனாலும், விரால் மாதிரியான சில மீன்கள் முட்டையையும் குஞ்சுகளையும் விட்டு அகலாமல் காவல் காப்பதை ஏரி, குளங்களில் மீன் பிடிப்பவர்கள் நன்றாக அறிவார்கள். மீனுக்கு நமக்கு இருப்பது போல மூடித் திறக்கும் இமை கிடையாது. ஓய்வெடுக்கும்போதும் அதன் கண் திறந்தேதான் இருக்கும்.

தூங்கா நகரம் என்று பெயரெடுத்த ஊரின் அரசிக்கு இமைக்காத கண்! தன் பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டே இருப்பவள், ஒரு நொடிகூடப் பார்வையை எடுக்காதவள் என்பதுதான் அங்கயற்கண்ணி என்ற பெயர் நமக்குச் சொல்லும் செய்தி. நான்கு வருடம் ஏங்கிப் பேத்தியைப் பெற்ற அந்தப் பாட்டி, ‘அம்மா, என் குலக்கொடியை உன் கண்ணுக்குள் வைத்துக்கொள்’ என்று வேண்டியிருப்பார். அந்த வேண்டுதலைத்தான் பெயராக வைத்துவிட்டுப் போயிருக்கிறார்.

சம்பந்தர் வாயில் மலர்ந்த பெயர்

இந்தப் பெயருக்கு எவ்வளவு வயது தெரியுமா? 1,300 ஆண்டுகளுக்கும் மேல்!

7-ம் நூற்றாண்டு. பாண்டிய மன்னன் நின்றசீர் நெடுமாறன் சமண நெறியைப் பின்பற்றி வந்த காலம். அரசியாரும் அமைச்சர் குலச்சிறையாரும் மட்டும் சிவபக்தியை மனதுக்குள் பொத்திப் பொத்திக் காத்து வந்தார்கள். அரண்மனைக்குள்ளேயே தன் நெறியை வாய்விட்டுச் சொல்ல முடியாத நிலை ஓர் அரசிக்கு! அவர்தான் திருஞானசம்பந்தரை மதுரைக்கு வரவழைத்தவர்.

பிள்ளையார் மதுரையை நெருங்குகிறார். தொலைவில் கோயில் தெரிகிறது. ‘அதோ, அதுதான் திருவாலவாய்’ என்று உடன் வந்தவர்கள் காட்டுகிறார்கள். அந்த இடத்திலேயே ஒரு பதிகம் பிறக்கிறது. அதன் முதல் சொல் என்ன தெரியுமா? அந்த அரசியின் பெயர்... மங்கையர்க்கரசி!

அந்த முதல் பாட்டிலேயே, அங்கயற்கண்ணியோடு இறைவன் அமர்ந்திருக்கும் இடம் இது என்று ஆலவாயைச் சொல்கிறார் சம்பந்தர். பாட்டின் தொடக்கத்தில் அரசியின் பெயர், முடிவில் அம்பாளின் பெயர். இரண்டுமே சொற்கள் கைகோத்த கூட்டுப் பெயர்கள். மங்கையர்க்கு அரசி என்று நான்காம் வேற்றுமையில் ஒன்று. கயல் போன்ற கண் என்று உவமைத் தொகையில் இன்னொன்று. பல காலம் வாய்விட்டுச் சொல்ல முடியாமல் பக்தியைப் பொத்தி வைத்திருந்த பெண்ணின் பெயரை, ஊருக்குள் நுழையும்போதே ஊரறியப் பாடிவிட்டார் ஞானக் குழந்தை. அறுபத்துமூவரில் இடம்பெற்ற மூன்று பெண்களில் அந்த அரசியும் ஒருவர்.

அதற்கு ஆயிரம் ஆண்டுகள் கழித்து, அதே அம்பாளைச் சின்னஞ்சிறு பெண்ணாக மடியில் வைத்துத் தாலாட்டினார் குமரகுருபரர். அவர் பாடிய மீனாட்சியம்மை பிள்ளைத்தமிழ், 1623 முதல் 1659 வரை மதுரையை ஆண்ட திருமலை நாயக்கரின் காலத்தில் அரங்கேறியது. அப்போது அம்பாளே ஒரு சிறுமியாக வந்து மன்னரின் மடியில் அமர்ந்து பாட்டைக் கேட்டாள். அவர் கழுத்து முத்துமாலையை எடுத்துப் புலவருக்கு அணிவித்து மறைந்தாள் என்பது காலம் காலமாக வழங்கும் வரலாறு. உலகத்துக்கே தாயானவள், நம் வீட்டுப் பெண் குழந்தை போல வந்தாள். அதனால்தானே நம் வீட்டுப் பெண் குழந்தைக்கு அவள் பெயரை வைக்கிறோம்!

இன்னும் எத்தனை பெயர்கள்...

இப்படித் தமிழ்ச் சொற்கள் கைகோத்து நிற்கும் அம்பாள் பெயர்கள் நம் ஊர்தோறும் உண்டு. நாகப்பட்டினம் காயாரோகணேஸ்வரர் கோயிலில் நீலாயதாட்சி, தமிழில் கருந்தடங்கண்ணி. கரிய, பெரிய கண்களை உடையவள். திருச்சி மலைக்கோட்டையில் தாயுமானவருடன் மட்டுவார்குழலி. மட்டு என்றால் தேன், மணம். மணம் கமழும் கூந்தலாள். வேதாரண்யத்தில் யாழைப் பழித்த மொழியாள். அவள் பேச்சுக்கு முன்னால் யாழின் இசையும் தோற்றுப்போகுமாம். திருக்கருகாவூரில் கருக்காத்த நாயகி. இதற்கு விளக்கமே வேண்டாம். பிள்ளைவரம் வேண்டிப் போன ஒவ்வொரு தாய்க்கும் தெரியும்.

குழந்தைகளுக்கு இறைவன் பெயரை வைப்பது பற்றிப் பெரியாழ்வார் ஒரு பதிகமே பாடியிருக்கிறார். காசுக்கும் துணிக்கும் ஆசைப்பட்டு யார் யார் பெயரையோ பிள்ளைகளுக்கு வைக்கிறீர்களே என்று தம் காலத்துப் பெற்றோரைக் கடிந்துகொள்கிறார். நாரணன் பெயரை வையுங்கள், பெற்றவள் நரகம் புகமாட்டாள் என்று உறுதி சொல்கிறார். பாகவதத்தில் வரும் அஜாமிளன் கதையும் அதுதான். மகனை ‘நாராயணா’ என்று கூப்பிட்ட குரல், வைகுண்டம் வரை கேட்டது!

ஆனால் ஒன்று... கூப்பிட்டால்தானே கேட்கும்? ‘அங்கயற்கண்ணி’ என்று சான்றிதழில் எழுதிவிட்டு, வீட்டில் ‘அங்கு’ என்றும் ‘பப்பி’ என்றும் அழைத்தால் அந்தப் பெயர் எப்படி அவளுடையதாகும்?

எனவே, பெயர் சூட்டப்போகும் பெற்றோருக்கு என் அன்பான வேண்டுகோள்...

பெயரைத் தேர்ந்தெடுக்கும் முன் பத்து முறை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். பொருள் தெரியாவிட்டால் தெரிந்தவரிடம் கேட்டு, ஒரு தாளில் எழுதி, பிறப்புச் சான்றிதழோடு சேர்த்து வையுங்கள். தொட்டிலில் போட்டு மூன்று முறை காதில் சொல்வதோடு நிறுத்திவிடாமல், தினம் ஒரு முறையாவது முழுப் பெயரையும் சொல்லி அழையுங்கள். விவரம் தெரியும் வயது வந்ததும் அந்தப் பெயருக்குரிய கோயிலுக்கு அழைத்துப்போய், ‘இவள்தான் உன் பெயர்க்காரி’ என்று காட்டுங்கள். பெயர் சூட்டுவது ஒருநாள் விழா. அதன் பொருளைப் பிள்ளையின் மனதில் சேர்க்கப் பல வருடங்கள் ஆகும்.

அதையும் மீறி, வளர்ந்த பிள்ளை ‘எனக்கு வேறு பெயர் வேண்டும்’ என்றால்? சபித்துவிடாதீர்கள். லலிதா சகஸ்ரநாமத்தில் ஆயிரம் பெயர் சூடியவள், ஒரு பெயர் குறைந்ததற்காகக் கோபிப்பாளா என்ன? பெயரை மாற்றிக்கொண்ட பிள்ளை மீதும் அவள் கண் இமைக்காது.

இதை அந்தப் பெண்ணிடமும் சொன்னேன். அவள் கொஞ்ச நேரம் குளத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, ''அப்ப ‘அம்’னா அழகாக்கா?'' என்று மட்டும் கேட்டாள். அவள் தாய் புடவைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

கூட்டம் சற்றுக் குறைந்திருந்தது. மூவருமாக அம்மன் சந்நிதிக்குப் போனோம். கையில் கிளியோடு நின்றுகொண்டிருந்தாள் மதுரையின் அரசி. அர்ச்சகர் தட்டை வாங்கிக்கொண்டு, ''பேரு, நட்சத்திரம்?'' என்றார்.

வழக்கமாகத் தாய்தான் சொல்வார் போலும். அவர் வாயைத் திறப்பதற்குள் மகளே சொன்னாள்.

''அங்கயற்கண்ணி. பூரம்.''

ஓர் எழுத்தும் பிசகவில்லை. அர்ச்சகர் சட்டென்று நிமிர்ந்து அவளைப் பார்த்துப் புன்னகைத்தார். அந்தப் பெயரை, அந்தப் பெயருக்கு உரியவளின் முன்னாலேயே சொல்லிக் குங்கும அர்ச்சனை செய்தார்.

பையில் இருந்த விண்ணப்பம் என்னவாயிற்று என்று நான் கேட்கவில்லை. அது அவள் விருப்பம். தன் பெயர் என்ன சொல்கிறது என்பது இப்போது அவளுக்குத் தெரியும். அது போதும்.

இன்று இரவு உங்கள் மகளை அருகில் அழைத்து, அவள் பெயரின் கதையைச் சொல்லுங்களேன். அங்கயற்கண்ணியின் கடைக்கண் பார்வை உங்கள் இல்லத்தில் என்றும் நிறைந்திருக்கட்டும்!