பெயரில் பிழை, பணிவில் பிழையா?

பத்திரபாகு முனிவரின் சீடரென நம் மரபு போற்றும் சந்திரகுப்த மௌரியரின் அவைக்கு, கி.மு. 300ஐ ஒட்டி வந்த கிரேக்கத் தூதர் மெகஸ்தனிஸ், தென்னாட்டு அரசொன்றைப் பற்றியும் கேள்வியுற்றார். தம் நாட்டு வீரத்தெய்வமான ஹெராக்ளீஸ், தன் மகள் பண்டாயாவுக்கு அளித்த நாடு அது என எழுதினார். அது பாண்டிநாடே என்பர் அறிஞர். அறியாததை அறிந்த தெய்வத்தின் பெயரால் உணர்ந்துகொள்வது மனித இயல்பு.

அப்பாண்டிநாட்டில், அருப்புக்கோட்டையை அடுத்த கோவிலாங்குளத்தில், 12ஆம் நூற்றாண்டில், முதற்குலோத்துங்கன் காலத்தில் முக்குடை நிழலில் வீற்றிருக்கும் அருகனுக்குக் கோயில் எழுந்தது. பின்னாளில் அவ்வறண்ட சீமையில் சமணர் அருகினர், கோயிலும் சிதைந்தது. எஞ்சிய தீர்த்தங்கரர் திருமேனிகளை ஊரார் தம் சாமியாகவே வணங்கி வந்தனர்.

இது மித்தியாத்துவம் அன்றோ எனச் சிலர் வினவலாம். விருப்பு வெறுப்பற்ற அருகனிடம் வரம் வேண்டுவது நற்காட்சி ஆகாது. அதனை மறைக்க வேண்டுவதில்லை. ஆயினும், ஒரு பக்கம் மட்டும் கண்டவரை இகழாதே என்பதன்றோ அநேகாந்தம் கற்பிப்பது! பெயர் அறியாதவர் அவற்றைப் பேணினர். பெயர் அறிந்த நம்மில் எத்தனை பேர் அவ்வூருக்குச் சென்றோம்? குடும்பத்துடன் ஒருமுறை செல்வோம். விளக்கேற்றி வந்தவர்க்கு முதலில் நன்றி கூறுவோம். அருகன் யாரென்பதைப் பின்னர் எடுத்துரைப்போம்.