மீண்டு சென்றோர் பற்றுடையரோ?

அழிவு நேர்ந்த இடத்தினின்று உய்ந்து, பிறிதொரு நாட்டில் உறையுளும் தொழிலும் எய்திய மாந்தர், அவற்றை விடுத்து முன்னை இடத்துக்கே மீள்வராயின், அச்செயல் பற்றின்பாற்படுமோ, அறிவின்பாற்படுமோ என்பது ஈண்டு ஆராயற்பாலது.

தெற்கு அட்லாந்திக் பெருங்கடலில் டிரிஸ்டன் டா குன்ஹா என்னும் சிறு தீவு உளது. மக்கள் வாழும் அயலிடமாகிய செயின்ட் எலினா ஏறத்தாழ 2,400 கிலோமீட்டர் சேய்மையது. 1817 ஆம் ஆண்டில் ஆங்கிலப் படை அத்தீவினின்று நீங்கியபோது, வில்லியம் கிளாஸ் என்னும் படைவீரர் தம் குடும்பத்தோடும் துணைவரோடும் அங்கே தங்கினர். இருப்பும் வருவாயும் யாவர்க்கும் ஒப்ப உரியன, ஒருவரும் மற்றொருவர்க்கு மேலாகார் என அவர்கள் எழுதிக்கொண்ட உடன்படிக்கையே அவ்வூருக்கு அடிப்படையாயிற்று.

1961 அக்டோபரில் ஊரின் மருங்கே நிலம் பிளந்து தீக்குழம்பு எழுந்தது. ஊரார் அனைவரும், ஏறத்தாழ 264 பேர், படகேறி நீங்கிக் கேப் டவுன் வழியாக இங்கிலாந்தை அடைந்தனர். கால்ஷாட் என்னுமிடத்துப் பழைய படைவீடு அவர்க்கு உறையுளாயிற்று. தீக்குழம்பு இறால் பதனிடும் ஆலையை மூடிவிட்டது. வீடுகளோ பெரும்பாலும் எஞ்சி நின்றன. 1962 டிசம்பரில் நிகழ்ந்த வாக்கெடுப்பில் மீள்வோம் என்றார் 148 பேர். வேண்டா என்றார் ஐவர். 1963 இல் ஊரார் மீண்டனர்.

இது பிறந்த மண்மேல் வைத்த குருட்டுப் பற்றேயன்றோ எனின், அற்றன்று. என்னை? பற்றென்பது ஆராயாது எழுவது; நம்மோர் அதனைப் பாசம் என்று கட்டின் பெயரால் வழங்குவதும் அதுபற்றியே. இவரோ வாக்கெடுப்பிற்கு முன்னரே பன்னிருவரைத் தீவுக்கு விடுத்து, வீடும் விளைநிலமும் கரையும் வாழ்தற்கு ஏற்றனவோ எனக் கண்டறிந்தனர். கட்டுண்டவன் ஆளனுப்பி ஆராய்ந்து வரச்சொல்லான்.

அற்றேல், அவர் இழந்ததுதான் யாது? சோறும் கூரையும் அல்ல. அவை இங்கிலாந்தில் குறைவறக் கிடைத்தன. தீவில் ஒவ்வொருவரும் கொடுப்போராகவும் கொள்வோராகவும் இருந்தனர். ஒருவன் வீட்டுக் கூரைக்குப் பலர் கை வேண்டும். அவன் கையும் பிறர்க்கு வேண்டும். அயல்நாட்டிலோ கொள்வோர் மட்டுமே ஆயினர். உதவுவார் இதனைக் காண்பது அரிது. பசித்தார்க்கு அன்னமிடுவோர்கூட, அவர் இடுதற்குரிய இடம் ஒன்றையும் அவர்க்கு விட்டுவைத்தோமா என எண்ணிப் பார்ப்பதில்லை.

வேண்டா என்ற ஐவரையும், 1966 இல் மறுபடியும் இங்கிலாந்து சென்ற சிலரையும் இழித்துரைத்தல் தகாது. ஊரை ஊராக்குவது உடன்பாடாயின், உடன்படாமைக்கும் அங்கு இடம் உண்டு என்க.

மீண்டோர்க்குக் கரையில் இறங்குதுறை சிதைந்திருந்தது. புதிய துறை 1967 இல் திறக்கப்பெற்றது. அதற்கு அவர்கள் இட்ட பெயர் கால்ஷாட்.